அருவாமனையை அட்டாலி மேல ஒளிச்சு வெச்சிருக்கா – மூணு மாசக் குழந்தை, என்ன பண்றதுன்னு தெரியலைங்க

நூல்கண்டு_திருப்பூர்:

வணக்கமுங்க. ஒரு வருசமா இங்க படிச்சுட்டு மட்டும்தான் இருக்கேன், எழுதறது இதுதான் மொதத் தடவ. மணி ராத்திரி ஒண்ணே முக்கால். மாடிப்படில உக்காந்து அடிக்கறேன், பிழை இருந்தா பொறுத்துக்குங்க.

நானு பனியன் கம்பெனில செக்கிங் சூப்பர்வைசர். மூணாவது மாடியில வாடகை ஊடு. பொண்ணு பொறந்து 13 வாரம் ஆச்சு, ஆபரேசன். சம்சாரம் கோபி பக்கம் அவங்கம்மா ஊட்டுல ரெண்டு மாசத்துக்கு மேல இருந்துட்டு, இங்க வந்து பதினெட்டு நாளாச்சு.

வந்த மூணாம் நாளு நான் வேலைக்குக் கெளம்பறப்ப, "ஏனுங்க, காயெல்லாம் நீங்களே அரிஞ்சு வெச்சுட்டுப் போயிருங்க"ன்னா. தையல் இன்னும் வலிக்குதாட்ட இருக்குதுன்னு நெனச்சு பீன்ஸு, வெங்காயம் எல்லாம் அரிஞ்சு கிண்ணத்துல போட்டுட்டுப் போனேன். அப்படியே பழக்கமாயிருச்சு. போன சனிக்கிழமை சம்பளம் வாங்கிட்டு வர்றப்ப ரெண்டு கட்டு அரைக்கீரை வாங்கிட்டு வந்தேன். அருவாமனையத் தேடறேன், காணோம். கேட்டா பதிலே இல்ல. ஸ்டூலு போட்டு ஏறிப் பார்த்தா அட்டாலி மேல, அரிசிச் சாக்குல சுத்தி, அதுக்கு மேல பொங்கப் பானையக் கவுத்து வெச்சிருக்கா. கூடவே கத்தரிக்கோலு, நான் நூல் வெட்டற சின்னக் கட்டரு.

அப்பறம்தான் மத்ததெல்லாம் கண்ணுல பட்டுதுங்க. பால்கனித் தாழ்ப்பாளுல துப்பட்டாவ மூணு முடிச்சுப் போட்டுக் கட்டியிருக்கா. துணியெல்லாம் ஊட்டுக்குள்ளயே கொடி கட்டிக் காயுது. பாப்பா நல்லாத் தூங்கறப்பவும் இவ தூங்கறதில்ல. மூக்குக்கிட்ட விரல வெச்சு மூச்சு வருதான்னு பார்த்துட்டே இருக்கா. ஒரு நாள் தூங்கற மாதிரி படுத்துட்டு எண்ணிப் பார்த்தேன், பன்னெண்டுல இருந்து ஒரு மணிக்குள்ள பதினோரு தடவ.

அன்னைக்கு லைட்ட நிறுத்தின பொறவுதான் வாயத் தொறந்தா. "பாப்பாவத் தூக்கிட்டுப் பால்கனிப் பக்கம் போனா, நானே கீழ போட்டுர்றாப்பல ஒரு படம் ஓடுதுங்க. அருவாமனையப் பார்த்தாலும் அப்படித்தான். எதுக்கு எனக்கு இப்படி வருது? பாப்பாவ உங்கம்மாகிட்டக் குடுத்துருங்க"ன்னு தலகாணில மூஞ்சிய வெச்சு அழுதா. எனக்குக் கை சில்லுன்னு ஆயிருச்சு.

மறைக்காமச் சொல்றேன். அன்னைக்கு ராத்திரி பாப்பாவ எனக்கும் செவுத்துக்கும் நடுவுல போட்டுப் படுத்தேன். அவ பார்த்துட்டா. ஒண்ணுமே சொல்லல, அந்தப் பக்கம் திரும்பிப் படுத்துக்கிட்டா.

இதப் போயி டாக்டர்ட்டச் சொன்னா குழந்தையப் பிரிச்சு வெச்சிருவாங்களா? போலீசு அது இதுன்னு ஆயிருமா? மாத்திரை போட்டா பால நிறுத்தணுமா? எங்கம்மாகிட்டச் சொன்னா காத்துக்கருப்புன்னு எங்கியாச்சும் கூட்டிட்டுப் போயிரும். மாமனார் ஊட்டுக்குச் சொன்னா, பொண்ண நான் சரியாப் பார்த்துக்கலைம்பாங்க. நேத்து ஒரு லாட்டுல ஓட்டைப் பீஸ அப்படியே பாஸ் பண்ணி விட்டுட்டேன், பத்து வருசத்துல இப்படி ஆனதில்ல. ரொம்ப வெசனமா இருக்குதுங்க.


மஞ்சக்காடு_ஈரோடு:

தம்பி, உங்க சம்சாரத்தப் பத்திப் படிக்கறப்ப என்னையப் பத்தியே எழுதின மாதிரி இருக்குது. ஆறு வருசத்துக்கு முந்தி, என்ற ரெண்டாவது பொண்ணுக்கு ரெண்டு மாசம் இருக்கறப்ப நானு இப்படித்தான் இருந்தேன். எனக்கு அருவாமனை இல்ல, வெந்நி. அண்டாவுல வெந்நி கொதிச்சா, புள்ளைய அதுக்குள்ள விட்டுர்றாப்பல கண்ணுக்குள்ள வந்து நிக்கும். குளிப்பாட்டறதையே நிறுத்திட்டேன். சளி, காச்சல், கரண்ட் இல்லைன்னு நாளுக்கொரு சாக்கு. மாமியா என்னைய சோம்பேறின்னு பக்கத்து ஊட்டுல சொல்லிட்டுத் திரிஞ்சாங்க. அது எவ்வளவோ தேவலைன்னு இருந்தேன், நெசத்தச் சொல்றதுக்கு.

நாலு மாசம் யாருகிட்டயும் சொல்லல. உங்க சம்சாரம் பதினஞ்சு நாளுல உங்ககிட்டச் சொல்லிட்டாங்க பாருங்க.

கோயமுத்தூருல ஒரு டாக்டரம்மா. நான் திக்கித் திக்கிச் சொல்லி முடிச்சதும் ஒண்ணே ஒண்ணுதான் கேட்டாங்க. "அந்த நெனப்பு வர்றப்ப, அது சரிதான், செய்யலாம்னு தோணுதா, இல்ல பதறுதா?" நான் பதிலே சொல்லல, என்ற கை ஆடினதப் பார்த்துட்டு அவங்களே தலையாட்டிக்கிட்டாங்க. ஓ.சி.டி.ன்னு, வேண்டாத நெனப்பு திரும்பத் திரும்ப வந்து படுத்தற நோய்ல ஒரு வகைன்னாங்க. சும்மா கை கழுவிட்டே இருக்கறதுதான் அந்த நோய்னு நான் நெனச்சிருந்தேன். புள்ளைக்கு ஏதாச்சும் ஆயிருமோன்னு மூளை காவலுக்கு நிக்குதாம். நின்னு நின்னு கடைசில நம்ம கையையே சந்தேகப்படுதாம். இந்த மாதிரிக் கண்டபடி நெனப்பு வந்து போறது புள்ள பெத்தவங்க பல பேருக்கு உண்டு, அப்பன்மாருக்கும் உண்டு. மத்தவங்க சீன்னு உதறிட்டுப் போயிருவாங்க, நம்மளால உதற முடியறதில்ல.

அருவாமனைய ஒளிச்சாங்கன்னு எழுதியிருக்கீங்களே, யார்கிட்ட இருந்து யாரக் காப்பாத்த ஒளிச்சாங்கன்னு ஒரு தடவ யோசிங்க.

எனக்கு செர்ட்ரலின் மாத்திரை குடுத்தாங்க. பால் குடுத்துட்டேதான் போட்டேன். மொதப் பத்து நாள் குமட்டல், சோறே எறங்கல. அஞ்சு வாரம் கழிச்சுத்தான் ஒரு நாள் சாயங்காலம், இன்னைக்கு அந்தப் படம் வரவே இல்லையேன்னு தோணுச்சு. கூடவே வாரா வாரம் உக்கார வெச்சுப் பேசற வைத்தியம். மொத வாரம் வெந்நி அண்டா இருக்கற ரூமு வாசப்படில புள்ளையோட நிக்கணும். அடுத்த வாரம் ரெண்டு எட்டு உள்ள. சிரிப்பா இருக்குதா? எனக்கு அன்னைக்கு மலை ஏறினாப்பல இருந்துச்சு.

செவுத்துப் பக்கம் போட்டுப் படுத்தீங்களே, அது உங்க சம்சாரம் மனசுல கெடக்கும். நாளைக்கே வாய்விட்டுச் சொல்லீருங்க, "பயந்துட்டேன், உன்னையச் சந்தேகப்படல"ன்னு. டாக்டரப் பார்க்கற வரைக்கும் பகல்ல ஆராச்சும் கூட இருக்கட்டும். சோறாக்கித் தர்ற துணையா இருக்கட்டும், காவக்காரி மாதிரி உத்து உத்துப் பார்க்கற ஆளு வேண்டாம்.


பொங்கலூர்ப்_பெரியவர்:

கண்ணு, பச்ச ஒடம்புக்காரிய மூணாவது மாடியில தனியா விட்டா இதுதான். எங்க காலத்துல ஊட்டுல எட்டுப் பொம்பளைக இருப்பாங்க, நெனைக்க நேரமேது. மாத்திரை கீத்திரைன்னு புள்ள பெத்தவளுக்குக் குடுக்காதீங்க. உங்க குலதெய்வம் கோயிலுக்குக் கூட்டிட்டுப் போயி துண்ணூறு போட்டு, கவுறு கட்டி விடுங்க. சரியாப் போயிரும்.


புதன்கிழமை_ஊசியக்கா:

திருச்சிப் பக்கம் கிராம சுகாதார செவிலியரா இருந்து ஓய்வு பெற்றவ நான். புதன்கிழமைதோறும் ஊசி போட்டதால ஊர்ப் பிள்ளைங்க வெச்ச பேர் இது.

பெரியவர் ஐயா தனியா விடாதீங்கன்னு சொன்னது நூத்துக்கு நூறு சரி. துண்ணூறும் போடுங்க, கயிறும் கட்டுங்க, அந்தப் பொண்ணுக்குத் தெம்பா இருந்தா நல்லதுதானே. ஆனா மாத்திரை வேணுமா வேண்டாமான்னு டாக்டர் சொல்லட்டும்.

தம்பி, எழுத்துல படிச்சுட்டு இது இன்ன நோய்னு நான் சொல்லக் கூடாது, சொல்லவும் மாட்டேன். ஈரோட்டு அம்மா சொன்ன மாதிரி இருக்கத்தான் வாய்ப்பு அதிகம். இருந்தாலும் சிலதை நீங்க இன்னிக்கே கவனிக்கணும். பேச்சு கோர்வையா இருக்கா? தூங்காமலே களைப்பில்லாம, ராப்பகலா ஓயாம பேசிக்கிட்டு, வேலை செஞ்சுக்கிட்டு இருக்காங்களா? காதுல யாரோ பேசுறாங்க, இது என் குழந்தையே இல்ல மாத்திட்டாங்க, குழந்தை சாமி, குழந்தைக்குள்ள ஏதோ இருக்கு, இப்படி ஏதாவது சொல்றாங்களா? அந்த நெனப்பைச் சொல்றப்ப பயமே இல்லாம, அதுதான் நியாயம்ங்கற மாதிரி சொல்றாங்களா? இதுல ஒண்ணு இருந்தாலும் அன்னிக்கே ஆஸ்பத்திரி, 108-ஐக் கூப்பிடுங்க, குழந்தையோட தனியா விடாதீங்க. பிரசவத்துக்குப் பின்னால வர்ற அந்தப் பெரிய மனநோய் ஆயிரம் பேர்ல ஒருத்தர் ரெண்டு பேருக்குத்தான் வரும், பெரும்பாலும் முதல் ரெண்டு வாரத்துக்குள்ளயே ஆரம்பிக்கும். முப்பது வருசத்துக்கு மேல வேலை பார்த்து நான் கண்ணால பார்த்தது மூணே மூணு. மூணு பேரும் குணமாகி வீட்டுக்கு வந்தவங்கதான்.

இன்னொண்ணையும் நேராக் கேளுங்க: "செத்துடலாம்னு தோணுதா?" கேட்டா அந்த எண்ணத்தை நாமளே கொடுத்த மாதிரி ஆயிடும்னு நெனைக்காதீங்க, அப்படி ஆகாது. ஆமான்னு சொன்னா அதுவும் அன்னிக்கே டாக்டர்.

பிரிச்சு வெச்சிடுவாங்களான்னு கேட்டீங்க. நம்ம நாட்டு 2017 மனநலப் பராமரிப்புச் சட்டத்துல 21-ஆவது பிரிவையே படிச்சுப் பாருங்க. ஆஸ்பத்திரியில சேர்த்தாக்கூட, மூணு வயசுக்குக் கீழ உள்ள குழந்தையைச் சாதாரணமா தாய்கிட்ட இருந்து பிரிக்கக் கூடாதுன்னுதான் இருக்கு. குழந்தைக்கு ஆபத்துன்னு டாக்டர் கண்டால்தான் விலக்கு, அதுவும் 15 நாளுக்கு ஒரு தடவை மறுபடி பார்க்கணும். பெங்களூர் நிம்ஹான்ஸ் மனநல ஆஸ்பத்திரியில தாயும் பிள்ளையும் சேர்ந்து தங்குறதுக்குன்னே 2009-ல தனி வார்டு ஆரம்பிச்சாங்க. உங்களுக்கு அவ்வளவு தூரம் போக வேண்டி வராது. உங்க ஊர் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில மனநலப் பிரிவு புறநோயாளிச் சீட்டு போட்டாப் போதும். அது வரைக்கும் ராத்திரியில மனசு தாங்கலைன்னா 14416, டெலி மனஸ்னு அரசாங்க மனநல உதவி எண், 24 மணி நேரமும் தமிழ்ல பேசலாம், காசு கிடையாது. அவங்க பேசலைன்னா நீங்க பேசுங்க.

போறப்போ ரத்தத்துல தைராய்டும் ஹீமோகுளோபினும் பார்க்கச் சொல்லிக் கேளுங்க. பிரசவத்துக்கு அப்புறம் தைராய்டு ஏறி இறங்குறது உண்டு, படபடப்பும் தூக்கமின்மையும் அதுலயும் வரும். இரும்புச் சத்து மாத்திரை பிரசவத்துக்குப் பின்னாடியும் 180 நாள் போடணும். குழந்தை வெளிய வந்ததும் நிறையப் பேர் அதைத் தூக்கி அலமாரியில வெச்சிடுறாங்க. அங்க பத்துக் கேள்வி உள்ள ஒரு தாள் கொடுத்தாலும் கொடுப்பாங்க, எடின்பரோ கேள்வித்தாள்னு பேரு. 1987-ல இருந்து உலகம் பூரா இருக்கு, தமிழ்லயும் இருக்கு. மொத்தம் 30 மார்க். இதுல மார்க் கூடுனா நல்லதில்ல, அவ்வளவுதான். பரீட்சைன்னு நெனச்சு நல்ல பேர் வாங்குற பதிலா எழுதிட வேண்டாம்னு சொல்லி வைங்க. என்கிட்ட நிறையப் பொண்ணுங்க அப்படித்தான் எழுதுனாங்க.

மாத்திரை விசயம்: பால் கொடுக்குறேன்னு முதல்லயே சொல்லிடணும். செர்ட்ரலின் தாய்ப்பால்ல ரொம்பக் கொஞ்சமாத்தான் போகுது, அதனாலதான் அதைத் தேர்ந்தெடுக்குறாங்க. கடையில நீங்களா வாங்கிடாதீங்க, நல்லா இருக்குன்னு நீங்களா நிறுத்திடவும் வேண்டாம்.

அப்புறம் ஒண்ணு. குழந்தையைச் சுவத்துக்கும் உங்களுக்கும் நடுவுல போடாதீங்க. சந்தேகத்துக்காகச் சொல்லல, இடுக்குல சிக்கிக்கும். தனியா, பக்கத்துலயே, மல்லாக்கப் போடுங்க, மூஞ்சிக்கிட்ட தலகாணி துணிமணி இல்லாம.


தறிக்காரன்_பல்லடம்:

பெரியவங்க சொன்னதுக்கு மேல நான் என்னத்தச் சொல்ல. தூக்கம் பத்தி மட்டும். எங்க ஊட்டுல ரெட்டைப் புள்ளைங்க. மொத மூணு மாசம் ரெண்டு பேரும் முழிச்சுட்டே கெடந்து, பகல்ல நாயும் பூனையுமாச் சண்ட. அப்பறம் தறிக்குப் போட்ற மாதிரி சிப்டு போட்டுக்கிட்டோம். ராத்திரி ஒம்பதுல இருந்து ரெண்டு வரைக்கும் நானு, ரெண்டுல இருந்து காலைல வரைக்கும் அவ. ஒம்பது மணிக்கு முந்தி அவ பால எடுத்து எவர்சில்வர் கிண்ணத்துல மூடி வெச்சுருவா. வெளிய நாலு மணி நேரம் தாங்கும்பாங்க, நம்மூரு வெயிலுக்கு நான் நம்பல, ஃபிரிட்ஜுலதான் வெப்பேன். வெந்நித் தண்ணில கிண்ணத்த நிக்க வெச்சு, சில்லுப்பு போனதும் பாலாடைல ஊட்டறது. மொத நாளு பாதி என்ற சட்டைல. நாலஞ்சு மணி நேரம் சேந்தாப்பல தூங்கின ஆளும் தூங்காத ஆளும் வேற வேற ஆளுங்க, என்னைய நம்புங்க.

நீங்களும் ஓட்டைப் பீஸ விட்டேன்னு எழுதியிருக்கீங்க. டாக்டர்ட்டப் போறப்ப உங்குளுதையும் ஒரு வார்த்த சொல்லி வைங்க. நான் சொல்லல, வண்டிய மீடியன்ல ஏத்தினேன்.


நூல்கண்டு_திருப்பூர்:

எட்டு நாளாச்சு, எல்லாருக்கும் பதில் போடலைன்னு தப்பா நெனச்சுக்காதீங்க.

அடுத்த நாளே லீவு போட்டுட்டேன். ஊசியக்கா கேட்டதையெல்லாம் ஒவ்வொண்ணாக் கேட்டேன். செத்துரலாம்னு தோணுதான்னு கேக்கறப்ப எனக்குத்தான் நாக்கு ஒட்டிக்கிச்சு. அவ, "இல்லீங்க, நான் போயிட்டா பாப்பாவ யாரு பார்ப்பா"ன்னு பட்டுன்னு சொல்லிட்டா. மஞ்சக்காடு அக்கா எழுதினத படிக்கக் குடுத்தேன். வெந்நி அண்டா வர்ற எடத்துல நின்னு, மறுக்கா மொதல்ல இருந்து படிச்சா. "இந்தக்கா இப்ப புள்ளைய யாரு குளிப்பாட்டறாங்கன்னு கேளுங்க"ன்னா. அதத்தான் கேக்கச் சொல்றா, மறந்துராம பதில் போடுங்கக்கா.

டாக்டர்ட்டப் போனோம். பாப்பா அவ மடிலயேதான் இருந்துது, யாரும் பிடுங்கல. அவருஞ் சொன்னது ஓ.சி.டி.தான், கொஞ்சம் மனச்சோர்வும் இருக்குதுன்னாரு. அந்தப் பத்துக் கேள்வித் தாளும் வந்துது. மூணாவது கேள்விக்கு அவ டிக்கு போட்டுட்டு, என்னையப் பார்த்துட்டு, அடிச்சுட்டு, மேல் மார்க்குப் பக்கம் மாத்திப் போட்டா. ரத்தம் 9.2தான் இருந்துது, தைராய்டு சரியா இருக்குதுன்னாங்க. மாத்திரை ஆரம்பிச்சு ஆறு நாள். குமட்டல் அக்கா சொன்னபடிக்கே. படம் இன்னும் வருதுங்குறா, நிக்கல. பேசற வைத்தியம் அடுத்த செவ்வாக்கெழமைல இருந்து.

எங்கம்மாவுக்குச் சொல்லித்தான் ஆக வேண்டியதாப் போச்சு, பகலுக்கு ஆளு வேணுமே. முழுசாச் சொல்லல, தூக்கமில்ல, ஒடம்பு சோந்து போச்சுன்னு மட்டும் சொன்னேன். மறுநாள் பஸ்ஸுல வந்து எறங்குது. கட்டப்பையில முருங்கக்கீர, பூண்டு, காயம், அதோட தன்னோட அருவாமனை! ஊருல இருந்து பேப்பர் சுத்திக் கொண்டாந்துருக்குது. "உங்கூட்டு அருவாமனையில நேத்து அரிஞ்ச வெங்காயம் நாளைக்குத்தான் விழும்"னு சொல்லிட்டு, சமையக்கட்டு நடுவுல போட்டுக் குக்கீட்டு உக்காந்துருச்சு. நான் அப்படியே நின்னுட்டேன். பாப்பாவ இடுப்புல வெச்சுட்டு இவ சமையக்கட்டு வாசல் நெலவுகிட்ட நின்னா. மொகமெல்லாம் வேர்க்குது. அம்மா பாட்டுக்குப் பூண்டு உரிக்குது, ஊர்க்கதை பேசுது, நிமிந்துகூடப் பார்க்கல. கால் மணி நேரம் இருக்கும். பொறவு அங்கியே நெலவுல சாஞ்சு உக்காந்து பாப்பாவுக்குப் பால் குடுத்தா. உள்ள வரல. ஆனா ரூமுக்கும் ஓடல.

எங்க அருவாமனை இன்னும் அட்டாலி மேலதான் இருக்குது. துப்பட்டா முடிச்சும் அப்படியே. டாக்டரு, நீங்களா எதையும் அவுக்காதீங்க, வைத்தியத்துல படிப்படியா அவங்களே அவுப்பாங்கன்னாரு. அப்பறம், மூச்சு வருதா வருதான்னு அவ கேட்டா ஒரு தடவைக்கு மேல பதில் சொல்ல வேண்டாம்னும் சொல்லியிருக்காரு. அதுதான் எனக்குச் செரமமா இருக்குது. கேக்கறப்ப வாயி தானா "வருது கண்ணு, வருது"ங்குது.

பாப்பாவச் செவுத்துப் பக்கம் போடறதில்ல. ராத்திரி பத்துல இருந்து மூணு என்ற சிப்டு, தறிக்காரரே. பாலாடைல ஊட்டறதுல நீங்க எவ்வளவோ தேவல. எனக்கு சட்டை, லுங்கி ரெண்டும் போச்சு.

ஊசியக்காவுக்கு ஒரு கேள்விங்க. நாளான்னைக்குப் புதன், 14-ஆவது வார ஊசி. போன தடவ கோபில போட்டப்ப ராத்திரி பூரா காச்சல். ஊட்டுல ஒரு காச்சல் சிரப்பு இருக்குது, மச்சான் புள்ளைக்கு வாங்கினது. எத்தன மில்லி குடுக்கறது?


மஞ்சக்காடு_ஈரோடு:

நாந்தான் குளிப்பாட்டினேன்னு சொல்லுங்க, அவளுக்கு அஞ்சு வயசு ஆகற வரைக்கும். இப்ப கதவச் சாத்திக்கிட்டு அவளே குளிக்கறா, பக்கெட்டுத் தண்ணியப் பூராக் காலி பண்ணிட்டு.


புதன்கிழமை_ஊசியக்கா:

மச்சான் பிள்ளை பாட்டிலைத் தொடாதீங்க. அது பெரிய பிள்ளைக்கு உள்ளதா இருக்கும், எப்ப திறந்ததுன்னும் தெரியாது. காய்ச்சலுக்குக் கொடுக்குற சொட்டு மருந்து வேற, சிரப் வேற. சொட்டு மருந்துல ஒரு மில்லிக்குள்ள இருக்குற மருந்து சிரப்பைவிட பல மடங்கு. ரெண்டையும் ஒரே அளவுன்னு நெனச்சுக் கொடுத்துட்டு ஓடி வந்த ஆளுங்களை நான் பார்த்திருக்கேன். புதன்கிழமை அங்க எடை போடுவாங்க, அந்த எடைக்கு எத்தனை மில்லி, எத்தனை மணிக்கு ஒரு தடவைன்னு ஊசி போடுற செவிலியர்கிட்டயே கேட்டு, அவங்க சொல்ற பாட்டில் மேலேயே பேனாவால எழுதிக்குங்க. காய்ச்சல் இல்லைன்னா கொடுக்க வேண்டாம். ஊசி போட்ட இடத்துல எண்ணெய், மஞ்சள் எதுவும் தடவ வேண்டாம்னு உங்கம்மாகிட்டயும் சொல்லிடுங்க. ஊசி போட்டதும் உடனே கிளம்பிடாதீங்க, அரை மணி நேரம் அங்கயே உக்காருங்க. வரிசையில சம்சாரம் குழந்தையை வெச்சுக்கட்டும், அட்டையை நீங்க பிடிச்சுக்குங்க.